கலான்: சொல் விளக்கம்

ஸ்பானியச் சொல். நாடகத்திலும் திரையிலும் காதலனாக வருபவனைக் குறிக்கும்; இதைத் தமிழில் எப்படிப் பெயர்ப்பது என்பதே இங்கே கேள்வி. முதல் ககரத்தை ‘அங்கம்’ என்பதில் வரும் ககரம்போல் ஒலித்து, ‘லா’வை அழுத்த வேண்டும். பிரெஞ்சு மொழியிலிருந்து வந்தது. அங்கே இதன் வேர் ‘களித்திருத்தல்’ என்ற பொருளுடைய பழைய வினை.

17-ஆம் நூற்றாண்டு ஸ்பானிய நாடகக் குழுக்களில் நடிகர்களை வேடத்தை வைத்தே பிரித்தார்கள். காதலிப்பவன் கலான், காதலிக்கப்படுபவள் டாமா, சிரிக்க வைப்பவன் கிராசியோசோ, வயதானவர் பார்பா (தாடி என்று பொருள்). முதல் கலான், இரண்டாம் கலான் என்று படிநிலையும் உண்டு. நம் நாடகக் கம்பெனிகளின் ராஜபார்ட், ஸ்திரீபார்ட், பபூன் போன்ற ஏற்பாடுதான். அதனால் மேடையைப் பற்றி எழுதும்போது ராஜபார்ட் நன்றாகப் பொருந்தும்.

திரைக்கு வரும்போதுதான் சிக்கல். பலர் ‘கதாநாயகன்’ என்று எழுதிவிடுகிறார்கள். கதையின் மையப் பாத்திரத்துக்கு ஸ்பானியத்தில் ‘புரொத்தகோனிஸ்தா’ என்று வேறு சொல் இருக்கிறது. இந்த வேறுபாடு புரிய, 1957-இல் புவெனஸ் ஐரிஸில் நடிகர் குடும்பத்தில் பிறந்த அர்ஜென்டின நடிகர் ரிக்கார்தோ தாரினைப் பார்த்தால் போதும். 1980-களில் அவரும் அவர் வயது நடிகர்கள் சிலரும் ‘கலான்சித்தோ’ எனப்பட்டார்கள். ‘-சித்தோ’ சிறுமை விகுதி. செல்லமும் உண்டு, ‘முகம்தான் இருக்கிறது, நடிப்பு பிறகு’ என்ற இளக்காரமும் உண்டு. ‘இளநாயகன்’ என்றால் அந்த இளக்காரம் போய்விடும். ‘அழகுப் பையன்’ என்பதே நெருக்கம்.

2000-இல் வெளியான ‘ஒன்பது ராணிகள்’ படத்தில் அவர் மார்கோஸ் என்ற தெருமோசடிக்காரன். படம் முழுக்க அவன்தான், ஆனால் எந்தக் கணக்கிலும் கலான் இல்லை. 2009-இல் வந்து ஆஸ்கர் வென்ற ‘அவள் கண்களின் ரகசியம்’ படத்தில் ஓய்வுபெற்ற நீதிமன்ற அலுவலர் எஸ்போசித்தோ. கால் நூற்றாண்டாகச் சொல்லாத காதலைச் சுமப்பவர். இவரைக் ‘கலான் மதூரோ’ எனலாம், முதிர்ந்த காதல் நாயகன். 2022-இல் ‘அர்ஜென்டினா, 1985’ படத்தில் இராணுவ ஆட்சியாளர்கள் மீதான வழக்கை நடத்திய ஹூலியோ ஸ்த்ராசேரா. அங்கே மறுபடியும் வெறும் மையப் பாத்திரம்.

சங்க அகப்பாடல்களின் ‘தலைவன்’ மிகச் சரியான இணை. ஆனால் இன்றைய வாசகருக்குக் கட்சிதான் நினைவுக்கு வரும். எனவே திரைக்குக் ‘காதல் நாயகன்’ என்பதே என் தேர்வு.

ஒரு எச்சரிக்கை: ‘கலான் தே நோச்சே’ ஆள் அல்ல. கழற்றிய கோட்டை மாட்டும் நிலைச்சட்டம். இரவில் மணக்கும் ஒரு பூச்செடிக்கும் அதே பெயர். திரைக்கதையில் ‘இரவு நாயகன்’ என்று பெயர்த்தால் படுக்கையறையில் இல்லாத ஆள் ஒருவர் நிற்பார்.