கல்ட் என்றால் வழிபாட்டுக் குழு அல்ல

தொலைக்காட்சிப் புலனாய்வுப் படங்களைத் தமிழாக்குகிறவர்கள் 'கல்ட்' (cult) என்ற ஆங்கிலச் சொல் வரும் இடமெல்லாம் 'வழிபாட்டுக் குழு' என்று போடுகிறார்கள். இது பிழை. திருநெல்வேலிச் சீமையில் கேட்டால் அவதூறும்கூட.

வேர் லத்தீன்: 'கொலெரே' என்றால் உழுதல், பேணுதல், வணங்குதல். மொழிபெயர்ப்பாளர் அந்த 'வணங்குதலோடு' நின்றுவிடுகிறார். செய்தியில் இன்று அந்தச் சொல் குறிப்பது வேறு: கேள்வி கேட்க முடியாத தலைவன், அறுக்கப்பட்ட உறவுகள், வெளியேற வழியில்லாத கட்டு.

நம் பக்கம் வழிபாட்டுக் குழு என்றால் யார்? சுடலைமாடன் கோயில் கொடைவிழாவுக்குத் தலைக்கட்டு வரி பிரித்து, வில்லுப்பாட்டுக்கும் கணியான் கூத்துக்கும் முன்பணம் கொடுத்து, முடிந்ததும் ஊர்முன் கணக்கு ஒப்படைக்கிறவர்கள். பங்குனி உத்திரத்துக்குச் சாஸ்தா கோயிலில் கூடும் சொக்காரர்கள், அதாவது பங்காளிகள். ஆடி அமாவாசைக்குக் காரையாறு சொரிமுத்து அய்யனார் கோயிலில் குடில் போட்டுத் தங்குகிறவர்கள். அருள் வந்து ஆடிய சாமியாடி மறுநாள் வயலுக்குப் போய்விடுவார். இவர்களுக்கும், ஜிம் ஜோன்ஸ் என்ற தலைவன் தன் ஆட்களைக் குடியேற்றிய ஜோன்ஸ்டவுனுக்கும் ஒரே பெயரா? 1978 நவம்பர் 18 அன்று கயானாவில் 900 பேருக்கு மேல் மாண்டார்கள். அங்கே படம்பிடிக்கப் போன அமெரிக்கத் தொலைக்காட்சி என்பிசியின் செய்தியாளர் டான் ஹாரிஸும் ஒளிப்பதிவாளர் பாப் பிரவுனும் அன்றே சுட்டுக் கொல்லப்பட்டார்கள்.

வழிபாடே இல்லாத கல்ட்டும் உண்டு. அமெரிக்காவின் நெக்சியம், சுயமுன்னேற்ற வகுப்பு விற்ற நிறுவனம். கட்டணம், படிநிலை, ஆள்சேர்ப்பு எல்லாம் வியாபாரம்தான். உள்ளிருந்த இரகசிய வளையத்தில் பெண்களின் அந்தரங்கப் படங்களைப் பிணையாக வாங்கி வைத்தார்கள். தலைவர் கீத் ரனியேரிக்கு 2020-ல் 120 ஆண்டுச் சிறை. இதற்கும் 'வழிபாட்டுக் குழு' என்று எழுதினால் நிறுவனத்தின் கை கண்ணுக்குத் தெரியாமல் போகிறது. பார்க்கிறவர் ஏதோ சாமி விவகாரம் என்று நினைத்துக்கொள்வார்.

கல்ட்டுக்கு வேறு சொற்களும் பொருந்தாது. 'மதப்பிரிவு' கொள்கை வேறுபாட்டை மட்டும் சொல்லும். 'மூடக்குழு' சிக்கியவர்களைப் பழிக்கிறது; அவர்கள் எல்லாரும் மூடர்கள் அல்ல. 1995-ல் டோக்கியோ சுரங்க ரயிலில் ஓம் ஷின்ரிக்கியோ என்ற ஜப்பானியக் கல்ட் பரப்பிய சாரின் நஞ்சைத் தயாரித்தவர்கள் அறிவியல் படித்தவர்கள்.

'பிடிக்குழு' என்பதே பொருந்தும். 'அவன் பிடியில சிக்கிட்டான்' என்றுதான் ஊரில் சொல்கிறோம். பிடியை உடைய குழு என விரிவதால் 'க்' மிகும். 'பிடிகுழு' என்றால் வினைத்தொகையாகிப் பொருள் மாறும். முதலில் வரும் இடத்தில் 'கல்ட் எனப்படும் பிடிக்குழு' என்று ஒருமுறை போட்டால் போதும்.

நாட்டார் ஆய்வில் கல்ட்டுக்கு வணங்குதல் என்ற பழைய பொருள்தான். அங்கே 'சுடலைமாடன் வழிபாடு' என்று எழுதலாம். திரை விமர்சனத்தின் 'கல்ட் படம்' இந்த இரண்டிலும் சேராது. 'வழிபாட்டுப் படம்' என்றால் பக்திப் படம் என்றல்லவா தோன்றும்? சிறு கூட்டம் விடாமல் கொண்டாடும் படம் என்று விரித்தே எழுதுங்கள்.