காட்ஸில்லா உறுமுவது எப்படி?

1954இல் ஜப்பானின் தோஹோ நிறுவனம் எடுத்த முதல் காட்ஸில்லா படத்தில் அந்த ராட்சத மிருகத்தின் உறுமலுக்காக, விலங்குகளின் குரல்களைத்தான் முதலில் மாற்றிப் பார்த்தார்கள். எதுவும் சரிப்படவில்லை. இசையமைப்பாளர் அகிரா இஃபுகுபேயின் யோசனை, வயலின் குடும்பத்தின் பெரிய வாத்தியமான டபுள் பேஸ் பக்கம் போனது. வில்லுக்குப் பதில், பைன் பிசின் தடவிய தோல் கையுறையால் தந்தியை உருவினார்கள். பதிவான ஒலியை வேகம் குறைத்து ஓட்டினார்கள்.

பிசின், தோலைத் தந்தியோடு ஒட்டவைக்கிறது. கை நகர்ந்தால் தந்தியும் கூடவே இழுபடும். இழுப்பு பிடியை மிஞ்சியதும் சட்டென்று விடுபடும். உடனே மறுபடி ஒட்டும். எண்ணெய் காணாத கதவுக் கீல் கிறீச்சிடுவதும் இதனால்தான். வில்லில் இந்த ஒட்டலும் விடுதலும் ஒரே சீராக நடப்பதால் சுரம் பிறக்கிறது. கையுறையோ அகலமானது, தந்தியின் நீளவாக்கில் போவது. ஒரே நேரத்தில் பல இடங்களில் ஒட்டி விடுபடும். சுரம் நிலைக்காமல் கரகரக்கும். நிஜ விலங்கு கர்ஜிக்கும்போதும் குரல் நாண்கள் இப்படித்தான் ஒழுங்கு தப்பி அதிர்கின்றன.

பாதி வேகத்தில் ஓட்டினால் 200 ஹெர்ட்ஸ் 100 ஆகும், 2 நொடி 4 நொடியாகும். அதைவிட முக்கியம், வாத்தியத்தின் மரக்கூடு எழுப்பும் ஒத்ததிர்வுகளும் பாதியாக இறங்குவது. எல்லாப் பக்கமும் இரண்டு மடங்கு பெரிய கூட்டிலிருந்து வந்ததாகவே காது கணக்குப் போடும். உருவத்தின் பிரமாண்டம் இங்கேதான் பிறக்கிறது. இன்றைய மென்பொருளில் இதைச் செய்பவர்கள் கோட்டைவிடுவதும் இங்கேதான்: நீளத்தை மாற்றாமல் சுரத்தை மட்டும் இறக்கும் வசதி வேண்டாம். பழைய டேப் போல வேகமும் சுரமும் சேர்ந்தே குறைய வேண்டும்.

பதிவை 96 கிலோஹெர்ட்ஸில் (நொடிக்கு 96,000 மாதிரிகள்) எடுங்கள். 48இல் எடுத்தால் அதில் பாதியான 24 கிலோஹெர்ட்ஸுக்கு மேல் எதுவும் பதிவாகாது. கால் வேகத்தில் ஓட்டும்போது மிஞ்சுவது 6 கிலோஹெர்ட்ஸ் வரைதான், கம்பளி போர்த்தியது மாதிரி மந்தமாக இருக்கும். மைக்கும் 20 கிலோஹெர்ட்ஸுக்கு மேல் பிடிப்பதாக இருக்க வேண்டும், இல்லாவிட்டால் 96 வீண். தந்தியிலிருந்து ஓர் அடி தூரத்தில் வையுங்கள். தள்ளி வைத்தால் அறையின் எதிரொலியும் பதிவாகி நீளும்: பாதி வேகத்தில் 0.6 நொடி 1.2 ஆகி, மிருகம் கல்யாண மண்டபத்துக்குள் நிற்பது போலாகிவிடும். மின்விசிறியை நிறுத்திவிடுங்கள்.

பிசின் அளவுதான் பழக வேண்டிய விஷயம். குறைந்தால் 'சர்' என்று வழுக்கும். கூடினால் கை சிக்கிச் சிக்கி 'டொக் டொக்' என்று தட்டும். மெல்ல ஆரம்பித்து, பாதியில் வேகம் கூட்டி, கடைசியில் அழுத்தத்தைத் தளர்த்தினால் உறுமலுக்கு ஏற்ற இறக்கம் கிடைக்கும். முடிந்ததும் தந்தியை ஆல்கஹால் துணியால் துடைக்கலாம். ஒரு சொட்டு மரத்தில் பட்டாலும் வார்னிஷ் கரையலாம், அடியில் துணி விரித்துக்கொள்ளுங்கள்.