அனிமேஷன்: அசைவூட்டமா, உயிரூட்டமா?

யாழ்ப்பாணத்தில் இன்னும் பலருக்கு அனிமேஷன் 'காட்டூன்'தான். பேப்பரில் வரும் கேலிச்சித்திரமும் காட்டூன், தொலைக்காட்சியில் ஓடுகிற படமும் காட்டூன். குறும் அனிமேஷன் படங்களுக்குக் கதை எழுதுவது என் வேலை. அதனால் இந்தச் சொல்லை அப்படியே விட்டுவிட எனக்கு மனமில்லை.

அனிமேஷனின் வேர் 'அனிமா' என்ற இலத்தீன் சொல். மூச்சு, உயிர் என்று பொருள். மூச்சுவிடுதலைக் குறிக்கும் 'அன்' என்ற சமஸ்கிருத வேர் இதற்கு உறவு. நாம் சொல்கிற பிராணன் அதிலிருந்து வந்ததுதான். உயிர் கொடுத்தல் என்பதே முதற்பொருள். படத்துக்கு அந்தப் பெயர் வந்தது 20ஆம் நூற்றாண்டின் தொடக்கத்தில்.

தமிழில் அசைவூட்டம் என்றும் இயங்குபடம் என்றும் எழுதுகிறோம். பிழையில்லை. போன் திரையில் சுற்றுகிற வட்டத்துக்கு அசைவூட்டம் போதும். ஒருவரின் மனதுக்குள் நடப்பதைச் சொல்ல வரும் மூன்று நிமிடப் படத்துக்கு அது காணாது.

ஒருமுறை, "அம்மம்மா விறாந்தையில் இருக்கிறா. ஒன்றும் பேசேல்லை" என்று ஒரு காட்சி எழுதிக் கொடுத்தேன். வரைகிற தம்பி கேட்டான்: "அக்கா, அவ சும்மாதானே இருக்கிறா? ஒரு படம் கீறினால் காணும்தானே?" சரி என்று, கீறிய அந்த ஒரு படத்தையே ஐந்து விநாடி ஓட்டிப் பார்த்தோம். சுவரில் மாலை போட்டு மாட்டிய போட்டோ மாதிரி இருந்தது.

பிறகு, நெஞ்சுச் சீலை மெல்ல ஏறி இறங்கவும், மடியில் கிடந்த பாக்குவெட்டியை விரல் ஒருதரம் இறுக்கவும் கீறினான். திரையில் விநாடிக்கு 24 சட்டகம் (பிரேம்) ஓடும். ஒரு படத்தை இரண்டு சட்டகத்துக்கு நிறுத்தினால் 12 படம். ஐந்து விநாடிக்கு 60. அசைவென்று சொல்ல அதில் பெரிதாக ஒன்றுமில்லை. அம்மம்மா மூச்சு விட்டார், அவ்வளவுதான். எனக்குக் கண் கலங்கிவிட்டது.

பழந்தமிழில் உயிர்த்தல் என்றாலே மூச்சுவிடுதல், பெருமூச்சு நெட்டுயிர்ப்பு. அனிமாவுக்கு இவ்வளவு கிட்ட நிற்கிற சொல் நம் கையிலேயே இருக்கிறது. "மெய்யின் இயக்கம் அகரமொடு சிவணும்" என்கிறது தொல்காப்பியம். மெய்யெழுத்தைச் சொல்லிக்காட்டவே பக்கத்தில் ஓர் உயிர் வேண்டும். இயக்கத்தையும் உயிரையும் பிரிக்காத மொழி இது.

உயிரூட்டத்தில் 'ஊட்டம்' என்ற பாதியும் எனக்குப் பிடிக்கும். எங்கள் பக்கத்தில் பிள்ளைக்குச் சோறு 'தீத்துறது' என்போம், ஊட்டுவதுதான். அவசரப்படுத்தினால் பிள்ளை துப்பிவிடும். வாய் வாயாகக் கொடுக்க வேண்டும். அந்த 60 படமும் அப்படிக் கொடுத்தவைதான்.

ஆகவே என் தேர்வு உயிரூட்டம், செய்பவர் உயிரூட்டுநர். உயிரோட்டம் என்று வாசித்துவிடாதீர்கள், எழுத்து நடையின் துடிப்பைச் சொல்லும் அந்தச் சொல் வேறு. அம்மம்மா படத்தின் கடைசியில் தம்பியின் பெயருக்கு மேலே 'உயிரூட்டம்' என்று போட்டோம். என் பெயருக்கு மேலே 'எழுத்து'.