லைன்மேன்: கம்பியும் இல்லை, கொடியும் இல்லை

அமெரிக்கக் கால்பந்து வீரர் ஒருவரின் வாழ்க்கைக் குறிப்பில் ‘லைன்மேன்’ என்று வந்தால், நமக்கு முதலில் மின்கம்பம்தான் நினைவுக்கு வரும். மழை விட்டதும் கையில் குறடும் தோளில் கயிறுமாக வருகிறாரே, அவர். விளையாட்டுப் பழக்கம் உள்ளவர் என்றால், கோட்டோரம் கொடியோடு ஓடும் லைன்ஸ்மேன் என்று எடுத்துக்கொள்வார். இரண்டுமே இல்லை. மின்வாரியத்தில் லைன் என்பது கம்பி. கொடிக்காரருக்கு அது தரையில் போட்ட சுண்ணாம்புக் கோடு. இந்த ஆட்டத்திலோ ஆட்கள் தோளோடு தோள் சேர்ந்து நிற்கிற வரிசைதான் லைன்.

மூன்றுக்கும் வேர் ஒன்றே. லத்தீனில் ‘லீனும்’ என்றால் ஆளிச்செடி. அதன் நாரில் திரித்த நூல் ‘லீனியா’. நூலை இழுத்துப் பிடித்தால் நேர்கோடு கிடைக்கும். நம் கொத்தனாரும் செங்கல் வைக்கும் முன் நூல்தானே பிடிக்கிறார்? அப்படி நூல் கோடாகி, கோடு வரிசையாகி, அப்புறம் படைவரிசைக்கும் பெயராயிற்று.

ஆட்டத்துக்குள் இந்த வரிசையைக் கொண்டுவந்தவர் வால்டர் கேம்ப். அதுவரை ரக்பி போல இரு அணியும் பந்தைச் சுற்றி முட்டி மோதிக்கொண்டிருந்தன. 1880-ல் அவர் சொல்லி விதி மாறியது: பந்து ஒரே அணியிடம் இருக்கும், அது கிடக்கும் இடத்தில் இரு அணியும் எதிரெதிரே வரிசை கட்டும். அந்த இடத்துக்கு ‘ஸ்கிரிமேஜ்’ கோடு என்று பெயர். கைகலப்பைக் குறிக்கும் ‘ஸ்கிர்மிஷ்’ என்ற சொல்லின் திரிபு அது.

இரண்டு வரிசைக்கும் நடுவே இருக்கும் இடைவெளி ஒரு பந்தின் நீளம்தான், ஏறக்குறைய 28 சென்டிமீட்டர். எதிராளியின் மூச்சு முகத்தில் படும் தூரம். லைன்மேன் குனிந்து, ஒரு கை விரல்களைத் தரையில் ஊன்றிக் காத்திருப்பார். பந்து அசைந்த நொடியில் உடம்போடு உடம்பு மோதும். பந்து வைத்திருக்கும் அணியில் சென்டர் நடுவில் நிற்பார், அவருக்கு இருபுறமும் கார்டுகள், அவர்களுக்கு அடுத்து டாக்கிள்கள். (சென்டரை ‘நடுவர்’ என்று மட்டும் எழுதிவிடக் கூடாது, ஆட்டக்காரர் அம்பயராகிவிடுவார்.) இந்த ஐந்து பேரும் வழக்கமான ஆட்டத்தில் முன்னோக்கி வீசும் பந்தைப் பிடிக்கக் கூடாது. பின்னால் நிற்பவர் பந்தை வீசவோ தூக்கிக்கொண்டு ஓடவோ இவர்கள் நேரம் வாங்கித் தர வேண்டும். ஓடியவர் கணக்கில், முன்னேறிய தூரத்துக்கு ஏற்பக் கெஜம் ஏறும். வழி திறந்துவிட்டவர் கணக்கில் எதுவும் ஏறாது. எதிரணியிலும் இப்படி ஒரு வரிசை உண்டு, அது உடைத்துக்கொண்டு வரப் பார்க்கும். 1940-களில் பெரும்பாலும் ஒரே ஆள்தான் இரண்டு வேலையும் பார்த்தார்.

அப்படி ஆடியவர்களில் ஒருவர் ஆல் புளோசிஸ். நியூ ஜெர்சிக்காரர். ஆறு அடி ஆறு அங்குலம், ஏறத்தாழ 113 கிலோ. ஜார்ஜ்டவுன் பல்கலைக்கழகத்தில் குண்டு எறிதலில் பெயர் எடுத்துவிட்டு, 1942-ல் நியூயார்க் ஜயன்ட்ஸ் அணியில் டாக்கிளாகச் சேர்ந்தார். மறு ஆண்டே அந்த அணி ஆடும் தொழில்முறை லீக்கின் தலைசிறந்த பதினொருவரில் இடம் பிடித்தார். அது இரண்டாம் உலகப் போர்க்காலம்; உயரம் அதிகம் என்று ராணுவம் தயங்கியபோதும் விடாமல் கேட்டுச் சேர்ந்துகொண்டார். 1944 டிசம்பர் 17 அன்று, விடுப்பில் இருந்தபோது, கிரீன் பே பேக்கர்ஸுக்கு எதிரான இறுதிப் போட்டியில் ஆடினார். ஜயன்ட்ஸ் 14-7 என்று தோற்றது. ஆறே வாரத்தில், 1945 ஜனவரி 31 அன்று, பிரான்சின் வோஷ் மலையில் தன் பிரிவைச் சேர்ந்த இரண்டு பேர் திரும்பவில்லை என்று தேடிப் போனார். அவரும் திரும்பவில்லை. வயது 26.

சரி, தமிழில் இவரை என்னவென்று எழுதுவது? ‘முன்வரிசை வீரர்’ என்றால் கிரிக்கெட்டில் முதலில் மட்டை பிடிப்பவர் வந்து நிற்பார். ‘முன்கள வீரர்’ என்பது சாதாரணக் கால்பந்தில் கோல் அடிப்பவர். இங்கே நேர் எதிர். ‘வரிசை வீரர்’ தவறில்லை, ஆனால் எந்த வரிசை, எதற்கு வரிசை என்பது தெரியாது.

பழந்தமிழில் சரியான சொற்கள் இருந்தன. படையின் முன்னணிக்குத் ‘தூசி’ என்றும் ‘தார்’ என்றும் பெயர். பகைவரின் முன்னணியைத் தடுத்து மேற்செல்வதே படை என்னும் 767-ஆம் குறள் ‘தார்தாங்கி’ என்றே தொடங்குகிறது. எனக்கு மிகவும் பிடித்த சொல், அப்படியே எடுத்துக்கொள்ள ஆசைதான். ஆனால் இன்று தூசி என்றால் துடைக்க வேண்டியது, தார் என்றால் சாலையில் ஊற்றுவது. ஆகவே அந்தக் குறளிலிருந்து ‘தாங்கு’ என்பதை மட்டும் எடுத்துக்கொள்ளலாம். தாங்குதல் என்றால் தடுத்தல், பொறுத்தல் இரண்டும்தான். இந்த ஆட்டக்காரர் செய்வதும் அவ்விரண்டையும்தான். எனவே லைன்மேனுக்கு என் பரிந்துரை ‘தாங்குவரிசை வீரர்’. கார்டு, டாக்கிள் போன்ற இடப்பெயர்கள் அப்படியே இருக்கட்டும்.

வாக்கியத்தில் வைத்துப் பார்ப்போம்: ‘ஜயன்ட்ஸ் அணியின் தாங்குவரிசை வீரர் ஆல் புளோசிஸ் அணிந்த 32-ஆம் எண்ணை அந்த அணி வேறு யாருக்கும் தருவதில்லை.’