பொம்மைகள் சுற்றிய கயிறு ஏன் விழவில்லை?

பரிசுப் பணத்துக்காக மனிதர்கள் உயிரைப் பணயம் வைத்துச் சிறுவர் விளையாட்டுகளை ஆடும் ‘ஸ்க்விட் கேம்’ என்ற கொரியத் தொடரின் மூன்றாவதும் இறுதியுமான பருவம் 2025 ஜூன் 27 அன்று நெட்ஃபிளிக்ஸில் வெளியானது. ஆறே பகுதிகள் என்பதால் பலர் ஒரே இரவில் பார்த்து முடித்துவிட்டார்கள். கல்லூரியில் முதலாண்டு படிக்கும் என் அக்கா மகள் அப்படிப் பார்த்துவிட்டு, மறுநாள் காலை தூக்கம் நிறைந்த கண்களோடு என்னிடம் ஒரு கேள்வி கேட்டாள்: “மாமா, அந்த ரெண்டு பொம்மையும் கயித்தை அவ்வளவு மெதுவா சுத்துதே, மேல போனதும் அது ஏன் தொய்ஞ்சு விழலை?” கதையின் முடிவைப் பற்றி ஊரே விவாதித்துக்கொண்டிருந்த நாளில் இப்படி ஒரு கேள்வி வந்ததில் எனக்கு ஏற்பட்ட மகிழ்ச்சிதான் இந்தக் கட்டுரை. தொடரை இன்னும் பார்க்காதவர்கள் தயங்காமல் படிக்கலாம். யார் பிழைக்கிறார்கள், யார் சாகிறார்கள் என்பதை நான் எங்கும் சொல்லப்போவதில்லை.

இயக்குநர் ஹ்வாங் டொங்-ஹியுக் இத்தொடரில் எடுத்துக்கொண்டவை பெரும்பாலும் கொரியச் சிறுவர்கள் தெருவில் ஆடிய ஆட்டங்கள். இறுதிப் பருவத்தில் அவற்றுள் ஒன்றாக வருவது ‘ஜுல்நொம்கி’. கொரிய மொழியில் ‘ஜுல்’ என்றால் கயிறு, ‘நொம்கி’ என்றால் தாண்டுதல். நாம் ஸ்கிப்பிங் என்று சொல்லும் அதே விளையாட்டு. மிக உயரத்தில் ஒரு குறுகலான பாலம். அதன் இரு முனைகளிலும் முதல் பருவத்திலிருந்தே நமக்குப் பழக்கமான யங்-ஹீ என்ற பெண் பொம்மையும், சொல்-சு என்ற ஆண் பொம்மையும் நின்றுகொண்டு கனமான உலோகக் கயிறு ஒன்றைச் சுற்றுகின்றன. (கொரியாவின் பழைய பள்ளிப் பாடநூல்களில் வரும் சிறுவன், சிறுமியின் பெயர்கள் அவை.) ஆட்டக்காரர்கள் கயிற்றைத் தாண்டித் தாண்டிப் பாலத்தைக் கடக்கவேண்டும். பாலத்தின் இடையில் ஒரு துண்டு இல்லாததால் அந்த இடைவெளியையும் சேர்த்துத் தாண்டவேண்டும். கயிறு காலில் பட்டால் அதலபாதாளம்.

கயிறு ஏன் விழவில்லை என்பதற்கான முதல் பாதி விடை பள்ளிப் பாடத்திலேயே இருக்கிறது. நீர் நிரம்பிய வாளியைத் தலைக்கு மேல் வேகமாகச் சுற்றினால் நீர் சிந்துவதில்லை. மெதுவாகச் சுற்றினால் சிந்துகிறது. சுழலும் பொருளோடு சேர்ந்து சுழல்பவரின் பார்வையில், உச்சியில் வெளிநோக்கித் தள்ளும் மையவிலக்கு விசை புவியீர்ப்பைவிடக் கூடுதலாக இருக்கவேண்டும் என்பதே நிபந்தனை. ஒரு மீட்டர் நீளமுள்ள நூலில் கட்டிய கல்லைச் சீரான வேகத்தில் செங்குத்தாகச் சுற்றும்போது, ஒரு சுற்றுக்கு இரண்டு வினாடிக்கு மேல் எடுத்துக்கொண்டால் உச்சியில் நூல் தளர்ந்துவிடும். கயிற்றின் கணக்கு சற்று மாறுபடும். கல் முழுவதும் ஒரே தொலைவில் இருக்கிறது. கயிறோ கைப்பிடியருகே அச்சை (இரு முனைகளையும் இணைக்கும் நேர்கோட்டை) ஒட்டியும் நடுவில் அச்சைவிட்டு விலகியும் இருக்கிறது. நடுவில் அது விலகியிருக்கும் தூரத்தைத் தொய்வு என்போம். கயிற்றை முழுமையாக எடுத்துக்கொண்டால் அதன் சராசரித் தொலைவு, நடுவிலுள்ள தொய்வில் ஏறக்குறைய மூன்றில் இரு பங்குதான். ஆகவே ஒரு மீட்டர் தொய்வுள்ள கயிறு உச்சியில் தாங்கி நிற்கவேண்டுமானால் ஒரு சுற்று ஏறத்தாழ 1.6 வினாடிக்குள் முடிந்தாகவேண்டும்.

இதை நம்பாத அக்கா மகளும் நானும் மொட்டைமாடிக்குப் போய்த் துணி காயப்போடும் கொடிக் கயிற்றை அவிழ்த்தோம். ஒரு முனையைச் சுவரிலிருந்த கொக்கியில் கட்டினோம். மறுமுனையை அவள் பிடித்துக்கொண்டாள். நான் கைப்பேசியில் நேரம் பார்த்தேன். பத்துச் சுற்றை 14 வினாடியில் முடித்தபோது கயிறு அழகாக வளைந்து சுற்றியது. 16 வினாடியை நெருங்கியபோது உச்சியில் ஒரு தள்ளாட்டம் தெரிந்தது. குறிப்பாகக் கொக்கியின் அருகில் கயிறு நெளிந்தது. இன்னும் மெதுவாகச் சுற்றச் சொன்னேன். மூன்றாவது சுற்றிலேயே கயிறு துவண்டு அவள் தலையில் விழுந்தது.

இனித்தான் பொம்மைகள் வருகின்றன. அனுமதிக்கப்பட்ட அந்த நேரம் தொய்வின் வர்க்கமூலத்துக்கு ஏற்பக் கூடுகிறது. தொய்வு நான்கு மடங்கானால் நேரம் இரண்டு மடங்காகும். ஒன்பது மடங்கானால் மூன்று மடங்காகும். பொம்மைகள் சுற்றும் கயிற்றின் தொய்வு நான்கு மீட்டர் என்று வைத்துக்கொள்வோம். அது ஒரு சுற்றுக்கு 3.2 வினாடி வரை எடுத்துக்கொள்ளலாம், அப்போதும் விழாது. எங்கள் மாடியில் அந்த நிதானத்தில் சுற்றினால் கயிறு உச்சிக்கே போயிருக்காது. பெரிய மரத்துக் கிளையில் கட்டிய ஊஞ்சல் ஆடி அசைந்து வருவதற்கும், வீட்டுக்குள் தொங்கும் தொட்டில் விரைந்து ஆடுவதற்கும் பின்னால் இருப்பது இதே வர்க்கமூலம்தான். திரைப்படங்களுக்காகச் சிறிய மாதிரிக் கப்பல்களை நீரில் மிதக்கவிட்டுப் படம்பிடிப்பவர்கள், கேமராவை அதிவேகத்தில் ஓடவிட்டுப் பின்னர் மெதுவாக்கிக் காட்டுவதும் இதற்காகவே. நம் கண் இயற்பியல் படிக்காவிட்டாலும், ‘மெதுவாக அசைவது பெரியது’ என்ற கணக்கைப் பிறந்தது முதல் பழகியிருக்கிறது.

ஆனால் மெதுவாகத் தெரிவது உண்மையில் மெதுவல்ல. எங்கள் கொடிக் கயிற்றின் நடுப்பகுதி மணிக்குச் சுமார் 14 கிலோமீட்டர் வேகத்தில் சென்றது என்றால், நான்கு மீட்டர் தொய்வுள்ள கயிற்றின் நடுப்பகுதி மணிக்கு 28 கிலோமீட்டர் வேகத்தில் பாலத்தைக் கடக்கும். அது மீட்டருக்குப் பத்து கிலோ எடையுள்ள உலோகக் கயிறாக இருந்தால், கணுக்காலில் பட்டபின் ஆட்டத்தைப் பற்றிப் பேச ஒன்றுமில்லை.

தாண்டுவது மட்டும் அவ்வளவு கடினமா? முப்பது சென்டிமீட்டர் உயரம் குதிப்பவர் அரை வினாடி காற்றில் இருக்கிறார். அந்த வேகத்தில் வரும் கயிறு அவருடைய இரு பாதங்களின் அகலத்தைக் கடக்க ஒரு வினாடியில் இருபதில் ஒரு பங்கு போதும். எனவே குதிப்பதற்குத் தாராளமான நேரம் இருக்கிறது. உண்மையான கண்ணி, ஒரு தாண்டலுக்கும் அடுத்ததற்கும் நடுவில் உள்ள மூன்று வினாடியில் இருக்கிறது. சீரான ஒலிக்கு ஏற்பத் தட்டச் சொன்னால், இடைவெளி அரை வினாடி, ஒரு வினாடி என்றிருக்கும்வரை மனிதர்கள் ஒலியை முன்கூட்டியே எதிர்பார்த்துத் தட்டுகிறார்கள். இடைவெளி இரண்டு வினாடியைத் தாண்டி நீளும்போது அந்த எதிர்பார்ப்பு குலைந்து, ஒலியைக் கேட்டபின் தட்டும் நிலைக்கு நழுவுகிறார்கள். கயிறு தாண்டும்போது சிறுவர்கள் பாட்டுப் பாடுவது நீண்ட இடைவெளியைச் சிறு அசைகளாக நறுக்கிக்கொள்வதற்கும் உதவுகிறது. அச்சத்தில் பாட்டை மறந்து ஓடத் தொடங்குபவருக்கு அந்த உதவி போய்விடும்.

இந்த விளையாட்டில் என் மனத்தைக் கொள்ளைகொண்டது வேறொன்று: சுழலும் கயிற்றின் வடிவம். அசையாமல் தொங்கும் சங்கிலியின் வளைவைப் பற்றிப் பலர் கேள்விப்பட்டிருப்பார்கள். அங்கே புவியீர்ப்பு ஒவ்வொரு கண்ணியையும் ஒரே அளவில் இழுக்கிறது. சுழலும் கயிற்றிலோ ஒவ்வொரு துண்டும் அச்சிலிருந்து எவ்வளவு விலகியிருக்கிறதோ அதற்கேற்ப வெளியே தள்ளப்படுகிறது. விலகியிருப்பது மேலும் விலகத் துடிக்கிறது. அச்சின் அருகில் இருப்பதற்கு அந்த ஆசையே இல்லை. அதனால் முனைகளின் அருகில் கயிறு ஏறக்குறைய நேர்கோடாக இருக்க, வளைவு முழுவதும் நடுவில் குவிகிறது. தொய்வு குறைவாக இருந்தால் அது நாம் பள்ளியில் வரைந்த சைன் அலையின் ஒரு பாதி. தொய்வு மிகுந்தால் நீள்வட்டச் சார்பு என்ற கணிதக் குடும்பத்தைத் தேடிப் போகவேண்டும். இதற்கு ட்ரோபோஸ்கீன் என்று பெயர். ‘சுழலும் கயிறு’ என்பதைக் கிரேக்கத்தில் சொன்னால் கிடைக்கும் பெயர் அது.

இதில் என்னை முதன்முதலில் வியக்கவைத்த செய்தி ஒன்றுண்டு. புவியீர்ப்பைப் புறக்கணிக்கும் அளவுக்கு வேகமாகச் சுற்றும் கயிற்றில், வேகத்தை இரண்டு மடங்காக்கினாலும் வடிவம் மாறுவதில்லை. மெல்லிய நூலுக்குப் பதில் இரும்புக் கயிற்றை மாட்டினாலும், அது சீரான கனமுடையதாக இருக்கும்வரை, வடிவம் மாறுவதில்லை. வேகம் கூடும்போது வெளித்தள்ளலும் இழுவிசையும் ஒரே விகிதத்தில் கூடி ஒன்றையொன்று ஈடுசெய்துவிடுகின்றன. கயிற்றின் நீளமும் இரு கைகளுக்கு இடையிலுள்ள தூரமும் மட்டுமே வடிவத்தைத் தீர்மானிக்கின்றன. கை வலிக்கிறது என்பதைத் தவிர, வேகமாகச் சுற்றுபவருக்கும் மெதுவாகச் சுற்றுபவருக்கும் கயிறு ஒரே முகத்தைத்தான் காட்டுகிறது.

இந்த முகத்தைப் பொறியாளர்கள் கண்டுகொண்டார்கள். கயிற்றால் வளைவை எதிர்க்க இயலாது. இழுப்பை மட்டுமே தாங்கும். ஆகவே ஒரு காற்றாலையின் இறக்கையை இதே வடிவத்தில் செய்துவிட்டால், சுழலும்போது மையவிலக்கு விசை அதை வளைக்காது, இழுக்க மட்டுமே செய்யும். பிரெஞ்சுப் பொறியாளர் ஜார்ஜ் டாரியு 1920களில் காப்புரிமை கோரிய செங்குத்து அச்சுக் காற்றாலையின் வளைந்த இறக்கைகள் இத்தகையவை. மாவு கலக்கும் கம்பிக் கரண்டியைப் பூமியில் நட்டதுபோல் இருக்கும். மறந்துபோன அந்த யோசனையை 1960களின் இறுதியில் கனடாவின் தேசிய ஆராய்ச்சிக் கழகத்தில் பீட்டர் சவுத், ராஜ் ரங்கி ஆகிய இருவரும் மீண்டும் கண்டெடுத்தார்கள். 1970களின் எண்ணெய் நெருக்கடிக் காலத்தில் அமெரிக்காவின் சாண்டியா ஆய்வகம் இவ்வடிவத்தின் கணிதத்தை ஆராய்ந்து, தொழிற்சாலையில் செய்வதற்கு எளிதாக ‘நேர்கோடு, வட்டவில், நேர்கோடு’ என்று தோராயப்படுத்தியது. முனைகளின் அருகில் கயிறு நேர்கோடாக இருக்கிறது என்று மேலே சொன்னேனே, அதைத்தான் அவர்கள் உலோகத்தில் வார்த்தார்கள். கனடாவின் கியூபெக் மாநிலத்தில் கேப்-ஷா என்ற ஊரில் எழுப்பப்பட்ட ‘ஏயோல்’ என்ற காற்றாலை ஏறத்தாழ 110 மீட்டர் உயரமுள்ளது. 1993இல் அது நின்றுபோனது.

2012இல் ஜெஃப்ரி அரிஸ்டாஃப், ஹோவர்ட் ஸ்டோன் என்ற இரு ஆய்வாளர்கள் கயிறு தாண்டுதலின் காற்றியக்கவியல் பற்றியே ஓர் ஆய்வுக் கட்டுரை வெளியிட்டார்கள். காற்றின் தடையால் கயிற்றின் நடுப்பகுதி கைகளுக்குச் சற்றுப் பின்தங்கி, வளைவு ஒரே தளத்தில் இல்லாமல் பின்னோக்கி மடிகிறது என்பதை அவர்கள் காட்டினார்கள். இலேசான கயிற்றில் இது நன்றாகத் தெரியும். பொம்மைகளின் உலோகக் கயிற்றில் தேடவேண்டியதில்லை. இத்தகைய ஆய்வுகளைக் கேட்டதும் “இதற்கெல்லாமா மக்கள் பணம்?” என்று கேலி செய்பவர்கள் எல்லா நாடுகளிலும் இருக்கிறார்கள். சுழலும் மெல்லிய பொருளைக் காற்று எப்படி வளைக்கிறது என்பது காற்றாலை செய்பவருக்கும் வேண்டிய அறிவு என்பது ஒருபுறமிருக்க, பயன் என்னவென்று முதலிலேயே எழுதிக்கொடுத்தால்தான் பணம் என்ற விதி கணிதத்துக்கு ஒத்துவராது என்பது என் கருத்து. கயிற்றின் வளைவைத் தாளில் எழுதியவர்கள் காற்றாலையை நினைத்திருக்கமாட்டார்கள்.

மீண்டும் பாலத்துக்கு வருவோம். ஆட்டக்காரர்கள் பாலத்தின் பல இடங்களிலும் ஒரே மாதிரித் தாண்டிக்கொண்டே போகிறார்கள். இயற்பியல் இங்கே முகம் சுளிக்கிறது. நான்கு மீட்டர் தொய்வுள்ள கயிறு நடுவில் பாலத்தை உரசிச் செல்லுமானால், பொம்மைக்கும் நடுவுக்கும் சரிபாதியில் அது பாலத்துக்கு மேல் ஏறத்தாழ 1.2 மீட்டர் உயரத்தில் போகும். ஒரு சராசரி மனிதனின் மார்புக்குச் சற்றுக் கீழே. பொம்மையை நெருங்க நெருங்க அது கழுத்துக்கும் தலைக்கும் மேலே ஏறிவிடும். பாலம் முழுவதும் தரையோடு தரையாகச் சுற்றவேண்டுமானால், பாலத்தையே அந்த வளைவில் குழிவாகக் கட்டவேண்டும்; அல்லது முனைகளின் பக்கம் கனமாகவும் நடுவில் இலேசாகவும் கயிற்றைத் திரிக்கவேண்டும். கதையில் இந்த ஆட்டங்களைப் பார்த்து ரசிக்கும் பணக்காரர்களுக்காக இவ்வளவு செலவழித்தவர்கள் அதையும் செய்திருக்கலாம்.

இதை ஒரு தாளில் வரைந்து காட்டியதும் அக்கா மகள் சிறிது நேரம் படத்தையே பார்த்துக்கொண்டிருந்தாள். பிறகு பென்சிலை வாங்கி, பாலத்தின் ஓரத்தில், பொம்மையின் அருகில், சம்மணமிட்டு உட்கார்ந்திருக்கும் ஒரு குட்டி மனிதனை வரைந்தாள். “அப்போ இவன் தாண்டவே வேணாமே மாமா, இங்கயே உட்கார்ந்தா கயிறு தலைக்கு மேலதானே போகும்?” என்றாள். ஆமாம் என்றேன்.