காற்றுப் படாத இடத்துக் கறள்

"கல்லடிப் பழைய பாலத்தால இப்ப பஸ்ஸும் போறல்ல, லொறியும் போறல்ல. மறுகா அது எப்படிப் பழுதாகும்? ரெண்டு பக்கமும் தேத்தண்ணிக் கடை போட்டால் என்ன?" என்று நாவற்குடாவிலிருந்து ஒரு வாசகர் கேட்கிறார். தேத்தண்ணிக் கடைக்கு நான் எதிரியில்லை. முதற்கேள்விதான் என்னைப் பிடித்துக்கொண்டது.

மட்டக்களப்பு வாவிக்கு மேலே, பிரித்தானியர் கால ஆளுநர் மனிங்கின் மனைவி பெயரில் 1924 இல் திறந்த பாலம் இது. ஒரு பக்கத்து வாகனங்கள் வந்து முடியும்வரை மறுபக்கம் காத்துக் கிடந்த காலம் 2013 இல் புதிய பாலத்தோடு முடிந்தது. மன்னம்பிட்டியில் 2007 வரை ரயிலும் பஸ்ஸும் மாறி மாறிப் பாவித்த பாலமும் இதே சாதிதான்: முக்கோணம் முக்கோணமாகக் கோத்த உருக்கு. நாற்கோணத்தை மூலையில் தள்ளினால் சரியும், முக்கோணம் சரியாது. அவ்வளவுதான் சூத்திரம்.

நின்று பார்க்க வேண்டியது கோத்த இடத்தை. அந்த நாளில் றிவெற்தான். செஞ்சூட்டில் காய்ச்சிய ஆணியைத் துளையில் விட்டு, வால் பக்கத்தை அடித்துத் தலையாக்குவார்கள். ஆறும்போது ஆணி சுருங்கி, இரண்டு தகடுகளையும் இறுக்கிப் பிடிக்கும். அந்தப் பிடியில் பிறக்கும் உராய்வும் பாரத்தில் பங்கெடுக்கும்.

எவ்வளவு இறுக்கினாலும் தகடுகளுக்கு நடுவில் மயிரிழை நீக்கல் இருக்கும். வாவிக் காற்றின் உப்பு ஈரம் அதற்குள் இறங்கிவிடும். கறளுக்கு ஒட்சிசனும் நீரும் வேண்டும் என்று சாதாரண தரத்தில் படித்தோம். அப்படியென்றால் காற்றுப் புகாத அந்த நீக்கலுக்குள் இரும்பு தப்ப வேண்டுமே? நடப்பது தலைகீழ். உள்ளே இருந்த கொஞ்ச ஒட்சிசன் சீக்கிரம் தீர்ந்துபோகும். உடனே உட்புறமும் வெளிப்புறமும் ஒரு மின்கலத்தின் இரு முனைகளாகிவிடும். உள்ளே இருக்கும் இரும்பு இலத்திரன்களைக் கைவிட்டு அயனாகக் கரையும். அந்த இலத்திரன்கள் தகட்டினூடாக ஓடி, வெளியே ஈரத்தில் கரைந்திருக்கும் ஒட்சிசனிடம் சேரும். வெளியே இருப்பவன் சாப்பிட, உள்ளே இருப்பவன் மெலிகிறான்! அதோடு விடுவதில்லை. உள்ளே குவியும் நேரேற்ற அயன்கள் உப்பிலுள்ள குளோரைட்டைத் தம் பக்கம் இழுக்கும், நீரோடு தாக்கமுற்று அமிலத்தை உண்டாக்கும். அமிலம் இன்னும் இரும்பைக் கரைக்கும், கரையக் கரைய இன்னும் குளோரைட்டு வரும். நமது இரைப்பையில் சுரப்பதும் இதே ஐதரோகுளோரிக் அமிலம்தான். கடலோரப் பாலத்தின் மூட்டுக்குள் ஒரு சின்ன இரைப்பை இருக்கிறது என்று வைத்துக்கொள்ளுங்கள்.

பிறகு கறள் ஊதும். தின்ற இரும்பைவிடப் பல மடங்கு இடம் பிடித்து, ஆப்பு வைத்ததுபோலத் தகடுகளைப் பிளக்கும். சிலவேளை றிவெற் தலையே கழன்று விழும். ஒரு சைக்கிள்கூடப் போயிருக்காது.

மேலே பெயின்ற் அடித்தால் படம் எடுக்க நன்றாயிருக்கும், மூட்டுக்குள் தீனி நடந்துகொண்டேயிருக்கும். இதைக் கண்டுபிடிக்கும் பழைய வழி எனக்குப் பிடித்தமானது. றிவெற்றின் ஒரு தலையில் விரலை வைத்து, மறு தலையைச் சுத்தியலால் தட்டுவார்கள். இறுகியது 'டங்' என்னும். தளர்ந்தது மங்கலாக ஒலித்து விரலில் துடிக்கும். துடுப்பின் ஒரு முனையை வாவியில் விட்டு மறுமுனையைக் காதில் வைத்து மீன் பாடுவதைக் கேட்ட ஊருக்கு இது புதிதா என்ன? (மீன் பாடும் தேன்நாடு என்று மேடை மேடையாகச் சொல்கிறோம். அந்த மேடைச் செலவில் கொஞ்சம் எடுத்து, நீருக்கடியில் ஒலி பதியும் கருவியொன்றை ஒரு வருடம் பாலத்தடியில் தொங்கவிடலாம்.)

பாலத்துக்குப் பலி கொடுக்கப் பிள்ளை பிடிப்பார்கள் என்று அம்மம்மா வெருட்டியதால், சின்ன வயதில் கண்ணை மூடிக்கொண்டு இதைக் கடந்தவன் நான். இப்போது நின்று றிவெற் எண்ணுகிறேன்.

சரி, கடைக்கு வருவோம். சுமார் 1200 கிலோ காரொன்று 8 சதுர மீற்றரில் நிற்கிறது, சதுர மீற்றருக்கு 150 கிலோ. வாணவேடிக்கை பார்க்க நெருக்கியடித்து ஒரு சதுர மீற்றரில் ஆளுக்கு 60 கிலோவாக 5 பேர் நின்றால் 300 கிலோ. சனம் காரைவிடப் பாரம்! ஆகவே முதலில் தகட்டின் தடிப்பைக் கழியொலியால் (காதுக்குக் கேட்காத உயர் அதிர்வு ஒலியால்) அளக்க வேண்டும், தளர்ந்த றிவெற்றுக்குப் பதில் முறுக்காணி போட வேண்டும், ஒரே நேரத்தில் எத்தனை பேர் என்று கணக்கு வைக்க வேண்டும். கடையைக் கரையில் போடுங்கள். தேத்தண்ணியைக் கையில் எடுத்துக்கொண்டு பாலத்தில் நடப்போம்.