எல்லைச் சுவரில் வரையும் முன் ஒரு கேள்வி

பாழான சுவரோவியங்களை மீட்டெடுப்பது என் தொழில். எல்லையோர ஊரில் புதிய ஓவியம் வரப்போகிறது என்று யாராவது சொன்னால் நான் முதலில் கேட்பது, "பத்து வருஷம் கழித்து இதை யார் துடைத்துப் பராமரிப்பார்கள்?" என்பதைத்தான்.

2019 ஜூலையில் கட்டடக் கலைஞர்களான ரொனால்ட் ரயேல், வர்ஜீனியா சான் ஃப்ராட்டெல்லோ இருவரும் அமெரிக்க–மெக்சிகோ எல்லை வேலியின் இடைவெளிகளில் மூன்று இளஞ்சிவப்பு சீசா பலகைகளைச் செருகினார்கள். இந்த நாட்டுக் குழந்தை தாழ, அந்த நாட்டுக் குழந்தை எழுந்தது. ஒரு மணி நேரம்கூட இல்லை, எடுத்தாகிவிட்டது. உலகமே பார்த்து நெகிழ்ந்தது. எனக்கும் பிடித்த படைப்புதான். ஆனால் மறுநாள் அங்கே வாழ்பவர்கள் கண்விழித்தது அதே வேலியின் முன்னால்.

எல்லைக்கு அருகே சான் டியேகோவில் உள்ள சிக்கானோ பூங்கா வேறு கதை. மெக்சிகோ வம்சாவளியினர் வாழும் பேரியோ லோகன் குடியிருப்புப் பகுதியை 1963இல் நெடுஞ்சாலையும் 1969இல் பாலமும் பிளந்துபோட்டன. பூங்கா தருவதாகச் சொன்ன நிலத்தில் நெடுஞ்சாலைக் காவல் நிலையம் கட்ட இயந்திரங்கள் வந்தன. 1970 ஏப்ரல் 22 அன்று மக்கள் உள்ளே புகுந்து உட்கார்ந்துவிட்டார்கள், செடிகளும் நட்டார்கள். பாலத்தின் தூண்களில் ஓவியம் ஏறியது 1973இல். முதலில் மண், அப்புறம்தான் வண்ணம். 2011–12இல் அவற்றைப் புதுப்பித்தபோது, முன்பு வரைந்த ஓவியர்களில் பலர் திரும்பி வந்து தூரிகை பிடித்தார்கள். 2016இல் அது தேசிய வரலாற்றுச் சின்னமானது. இன்றும் ஏப்ரலில் அங்கே விழா எடுக்கிறார்கள்.

பல இடங்களில் நான் பார்ப்பது இதற்கு நேர்மாறு. திறப்பு விழாவுக்கு அவசரப்பட்டு, ஈரம் காயாத சுவரில் தீட்டிவிடுவார்கள். இரண்டு மழைக்குள் உப்பு பூத்து வண்ணம் செதில்செதிலாக உரியும். அதைத் தினமும் பார்ப்பவர் எதிர்வீட்டுக்காரர், ஓவியர் அல்ல. ஒருமுறை நான் சுரண்டிக்கொண்டிருந்தபோது ஓர் அம்மா சொன்னார்: "வந்தவங்க எல்லாரும் இப்படித்தான் விட்டுட்டுப் போறாங்க." சுவர் பாழானால் ஊருக்குள் பழைய காயமும் கிளறப்படுகிறது என்று அன்றுதான் புரிந்தது.

அதனால் பராமரிப்புக்குத் தனியாகப் பணம் ஒதுக்காத திட்டத்தில் நான் சேர்வதில்லை. வண்ணக் கலவைக் குறிப்பும் ஊரிலேயே இருக்க வேண்டும் என்பேன். அப்படிக் கொடுத்துவிட்டு வந்த ஓரிடத்தில், இரண்டு இளம்பெண்கள் ஒரு தூணின் அடிப்பகுதியைத் தாங்களே சரிசெய்து படம் அனுப்பியிருந்தார்கள். நீலம் கொஞ்சம் தூக்கலாக இருந்தது. சரி, அப்படியே இருக்கட்டும் என்று பதில் எழுதினேன்.